பூட்டுக்கடை வீட்டு வைஃபை

நந்தகோபாலின் வாய் திறந்தபடியே நின்றுவிட்டது.

அருப்புக்கோட்டையில், ஒரு செம்பின் மேல் சாய்த்து வைத்திருந்த போனில், பெண் வீட்டார் அந்த வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை ஏதோ பெரிதாகச் சொல்லப்போகிறார் என்று முதலில் காத்திருந்தார்கள். பிறகு கொட்டாவி என்று நினைத்தார்கள். கொட்டாவிக்கும் ஒரு அளவு உண்டு. பெண்ணின் அப்பா வரதராசு உள்ளே போய்க் காப்பி குடித்துவிட்டு வந்து பார்த்தார். வாய் அப்படியே இருந்தது.

"கடவாய்ப் பல்ல அடைச்சிருக்காரு," என்றார் பெண்ணின் அம்மா பத்மாசனி. "பல்லை நல்லா கவனிக்கிற ஆளுதான்."

பெண் குமுதவல்லி போனை எடுத்து லேசாக உதறிவிட்டுத் திரும்ப வைத்தாள்.

அதே நேரம் திண்டுக்கல்லில் நந்தகோபால் வாழ்க்கையிலேயே முதல்முறையாக ஒரு பெண்ணிடம் தடுமாறாமல் பேசிக்கொண்டிருந்தான். உங்களுக்கு என்ன காய் பிடிக்கும் என்று கேட்டான். பதில் வரவில்லை. கூச்சப்படுகிறாள் என்று எடுத்துக்கொண்டு, கத்தரிக்காயாக இருக்கும் என்று தானே முடிவு செய்து, தனக்கும் அதுதான் பிடிக்கும் என்றான். இரண்டு பக்கமும் உட்கார்ந்திருந்த அண்ணன்கள் திருப்தியாகத் தலையாட்டினார்கள்.

"ரெண்டு பேருக்கும் ஒரே காய்," என்றார் பெரியவர் திருமலைசாமி. "இதுக்கு மேல என்ன பொருத்தம் வேணும்?"

சற்று நேரத்தில் வரதராசு சாதாரணப் போனில் கூப்பிட்டார். திண்டுக்கல் வீட்டுக்குள் செல்போன் டவர் எடுப்பதில்லை. திருமலைசாமி வாசற்படியில் ஒற்றைக் காலில் நின்றபடி பேசினார். அடுத்த ஞாயிறு இன்னொரு தடவை பார்க்கலாம் என்றார் வரதராசு. அப்போதும் இப்படி நடுவில் நின்றுபோனால் சகுனம் சரியில்லை என்று வைத்துக்கொண்டு வேறு இடம் பார்ப்பதாகவும் சொன்னார்.

திருமலைசாமி காலைக் கீழே வைத்தார்.

மேட்டுத் தெருவில் முன்பக்கம் பூட்டுக்கடையும் பின்பக்கம் வீடுமாக இருந்த அந்தக் கட்டடத்தில் மூன்று சகோதரர்கள். பெரியவருக்கு வரன்கள் வந்த காலத்தில், தம்பிகளும் வளரட்டும், மூன்றையும் ஒரே பந்தலில் முடித்துவிட்டால் பந்தல் மிச்சம் என்று இருந்துவிட்டார். தம்பிகள் வளர்ந்தபோது அவருக்கு வயதாகிவிட்டது. இரண்டாமவர் பொம்முசாமி, அண்ணன் இருக்கும்போது தான் முந்திக்கொள்வது மரியாதை இல்லை என்று இருந்தவர் இருந்தவர்தான். மிச்சம் நந்தகோபால். அவனுக்கும் நெற்றி மேல்நோக்கி நடக்கத் தொடங்கியிருந்தது.

மறுநாள் நெட்டுக்காரர் வந்து, வயரை இழுத்துப் பார்த்துவிட்டு, "லைன்ல ஒண்ணுமில்ல சார். வேற யாரோ உங்க வைஃபைய ஓசியில ஓட்டுறாங்க போல. 'காவல்காரன்'னு ஒரு ஆப் இருக்கு. போட்டுப் பாருங்க. எது எது உங்க நெட்டுல சேந்திருக்கு, எங்க ஓட்டை இருக்கு, எல்லாத்தையும் சோதிச்சுச் சொல்லும். அது சொல்ற மாதிரி செய்யுங்க," என்றார்.

"அது சொல்ற மாதிரியே செய்யணுமா?" என்று கேட்டார் பொம்முசாமி.

"ஆமா சார்."

"அப்படியேவா?"

"அப்படியேதான் சார்," என்று சொல்லிவிட்டு அவர் பைக்கில் போய்விட்டார். பிறகு நடந்த எதற்கும் அவர் பொறுப்பில்லை.

நந்தகோபாலின் போனில் காவல்காரன் இறங்கினான். திரையில் ஒரு வட்டம் சுற்றியது. மூவரும் கை கட்டி நின்றார்கள். முதல் உத்தரவு வந்தது: ரூட்டரை வீட்டின் மையத்தில் வையுங்கள்.

பொம்முசாமி டேப் எடுத்து வந்தார். நீளத்தை அளந்து பாதி, அகலத்தை அளந்து பாதி என்று குறித்தார்கள். "உயரம்?" என்றான் நந்தகோபால். தம்பிக்கு மூளை வந்துகொண்டிருக்கிறது என்று அண்ணன்கள் பார்த்துக்கொண்டார்கள். மாடியைக் கணக்கில் சேர்க்காமல் உயரத்திலும் பாதி எடுத்தார்கள். வீட்டின் மையம் கூடத்திலிருந்து சமையலறைக்குப் போகும் நிலைவாசலில், வெறும் காற்றில், பொம்முசாமியின் மூக்குக்கு நேராக வந்தது. மேலே ஓடிய கம்பியில் நைலான் கயிறு கட்டி ரூட்டரை அங்கேயே தொங்கவிட்டார்கள்.

அடுத்து ஆப் ஒரு பட்டியலைக் காட்டி ஒவ்வொன்றாகக் கேட்டது. இந்தக் கருவியை நம்புகிறீர்களா? ஆம். இல்லை.

முதலில் வந்தது பெரியவரின் போன்.

"ஆம்னு போடு," என்றார் திருமலைசாமி.

"இருண்ணே," என்றார் பொம்முசாமி. "ஒன்னை நம்புறோம், அது வேற. இது ஒன் போனைக் கேக்குது. அந்தப் போன் எப்பவும் நேரத்தை ஏழு நிமிஷம் கூட்டிச் சொல்லுதுல்ல?"

"ஆமா."

"அப்ப தெனமும் பொய் சொல்லுது."

திருமலைசாமி வெகுநேரம் யோசித்தார். தன் போன் என்பதற்காக நியாயத்தை வளைக்க அவருக்கு மனம் வரவில்லை. "இல்லைன்னு போடு," என்றார்.

பொம்முசாமியின் போன் பழைய போன் கடையில் வாங்கியது. முன்பு யாரிடம் இருந்தது, என்னென்ன செய்தது என்று யாருக்கும் தெரியாது. இல்லை. டிவியில் எப்போது போட்டாலும் ஒருத்தர் இன்னொருத்தர் காப்பியில் எதையோ கலந்துகொண்டிருந்தார். இல்லை. கடை வாசல் கேமரா நல்ல கேமராதான். ஆனால் கடையைத் திறக்கும்போதும் மூடும்போதும் அது மூவரையுமே உற்றுப் பார்க்கிறது என்பது பெரியவரின் நெடுநாள் வருத்தம். இல்லை.

பட்டியல் முடிந்தது. ஆப் இருந்த போனைப் பற்றி மட்டும் அது கேட்கவில்லை.

"ஊர்ல எல்லாரையும் சந்தேகப்படுறவன் தன்னைப் பத்தி வாயத் தொறக்குறானா பாரு," என்றார் திருமலைசாமி.

திரை பச்சையாக மாறியது. உங்கள் வலையமைப்பில் சந்தேகத்துக்குரிய கருவி எதுவும் இல்லை. வேறு கருவியே இல்லை என்பதால் நெட்டு ஓடிய ஓட்டத்துக்கு அளவில்லை. அந்த நிலையில் விட்டிருந்தால் ஞாயிற்றுக்கிழமை நந்தகோபாலின் வாய் திறக்க வேண்டிய நேரத்தில் திறந்து, மூட வேண்டிய நேரத்தில் மூடியிருக்கும்.

ஆனால் பச்சைக்குக் கீழே சின்ன எழுத்தில் ஒரு வரி இருந்தது. உங்கள் கடவுச்சொல் எளிதானது. வலுவானதாக மாற்றிச் சோதித்துக்கொள்ளுங்கள்.

மாற்றுவது சுலபமாக முடிந்தது. பெரியவர் சொல்லச் சொல்ல எழுத்து, எண், புள்ளி, நட்சத்திரம் எல்லாம் கலந்து ஒரு சாண் நீளத்துக்குப் போட்டார்கள். சோதிப்பது என்று வந்தபோது மூவரும் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். பாஸ்வேர்டைப் பற்றி அவர்களுக்கு ஒன்றும் தெரியாது. பூட்டைச் சோதிப்பது அவர்கள் பரம்பரையாகச் செய்வது.

அந்தக் கடையில் எந்தப் பூட்டும் இரண்டு சோதனை இல்லாமல் வெளியே போகாது. ஒன்று, கண்ட சாவிக்குத் திறக்கக் கூடாது. கடையில் நிற்கிறவர்கள் மடியில் இருக்கிற சாவியை எல்லாம் வாங்கி விட்டுப் பார்ப்பார்கள். இரண்டு, சரியான சாவி எந்தக் கைக்கும் திறக்க வேண்டும். இடது கைக்காரர், நடுக்கம் உள்ளவர், கோபத்தில் இருப்பவர் என்று பலரையும் திறக்கச் சொல்லிப் பார்ப்பார்கள். ஒரு கைக்குத் திக்கினாலும் பூட்டைத் திரும்ப அரத்துக்கு அனுப்பிவிடுவார்கள்.

செவ்வாய்க்கிழமை சாயங்காலம் தெருவைக் கூப்பிட்டார்கள். மாவுக்கடை சுசீலாக்கா வந்தார். டெய்லர் அந்தோணி கழுத்தில் டேப்போடு வந்தார். லாரி ஷெட் இப்ராகிம் பாய் தன் ஆட்களோடு வந்தார். பால்காரர் கேனை இறக்கி வைத்துவிட்டுப் போனை எடுத்தார். எல்லாரும் அவரவருக்குத் தோன்றிய பாஸ்வேர்டைப் போட்டுப் பார்த்தார்கள். பிள்ளைகள் பெயர், பசு மாட்டின் பெயர், லாரி நம்பர். அந்தோணி தன் மாமியார் பெயரைக் கூடப் போட்டார். எதற்கும் திறக்கவில்லை.

"நல்ல சரக்குதான்," என்றார் இப்ராகிம் பாய்.

"இருங்க பாய், பாதிதான் ஆயிருக்கு," என்றார் திருமலைசாமி. ஸ்டூல் மேல் ஏறினார். "இப்ப சரியான சாவி. எல்லாரும் போடுங்க."

பாஸ்வேர்டை எழுத்து எழுத்தாக உரக்கச் சொன்னார். சுசீலாக்காவுக்கு நட்சத்திரம் எங்கே இருக்கிறது என்று தெரியவில்லை. பொம்முசாமி காட்டிக் கொடுத்தார். மாவுக் கையில் திறந்தது. பால்காரரின் ஈரக் கையில் திறந்தது. அந்தோணியின் இடது கையில் திறந்தது. இப்ராகிம் பாய் பழைய சண்டை ஒன்றை நினைத்துக் கோபத்தை வரவழைத்துக்கொண்டு போட்டார். அப்போதும் திறந்தது.

"எந்தக் கைக்கும் திக்கல," என்றார் திருமலைசாமி. ஸ்டூலை விட்டு இறங்கும்போது அவர் கண் லேசாகக் கலங்கியிருந்தது.

தெரு மிகுந்த சந்தோஷத்தோடு கலைந்து போனது. அன்று இரவே திரை சிவப்பாக மாறியது. அறியாத கருவி, அறியாத கருவி என்று பட்டியல் கீழே இறங்கிக்கொண்டே போனது. ஒவ்வொன்றுக்கும் அதே கேள்வி. நம்புகிறீர்களா?

"பால்காரரை எப்படி நம்பலைன்னு போடுறது?" என்றான் நந்தகோபால். "நாளைக்கு அவரு மூஞ்சியில முழிக்கணும்."

"ஆம்னு போடு. பாய்க்கும் ஆம்னு போடு. நம்ம சொந்தப் போனுன்னா வேற. வெளி ஆளுங்க மனசு கஷ்டப்படக் கூடாது," என்றார் பெரியவர்.

எல்லாருக்கும் ஆம் போட்டார்கள். அந்த வாரம் மேட்டுத் தெருவில் எல்லார் வீட்டிலும் நெட்டு வந்தது, பூட்டுக்கடை வீட்டைத் தவிர. வெள்ளிக்கிழமை நந்தகோபால் தன் படத்தையே தனக்கு அனுப்பிச் சோதித்தான். முதலில் நெற்றி மட்டும் வந்து சேர்ந்தது. மற்றதற்காகக் காத்திருந்து தூங்கிவிட்டான்.

"அண்ணே," என்றான் காலையில். "இந்த ஞாயித்துக்கிழமையும் நின்னுபோச்சுன்னா அவங்க வேற எடம் பாத்துருவாங்க. எனக்கு வேற எடம் இல்ல."

அவன் அப்படிப் பேசி அண்ணன்கள் கேட்டதில்லை. திருமலைசாமி கடையை அரை ஷட்டர் இறக்கிவிட்டு உட்கார்ந்தார். ஆப் சொன்னதை நந்தகோபால் வரிவரியாகப் படித்தான். கடவுச்சொல்லை உடனே மாற்றுங்கள். எங்கும் எழுதி வைக்காதீர்கள். பிறர் அறியும்படி விடாதீர்கள். உள்ளிடும்போது எவரும் பார்க்காமல் கவனமாக இருங்கள்.

"இவ்வளவு பத்திரமா எதை வச்சிருக்கோம்?" என்றார் திருமலைசாமி.

"பெருமாள் கோயில் உண்டியல்," என்றார் பொம்முசாமி உடனே. உண்டியலுக்குப் பூட்டுப் போட்டது அவர்கள்தான். மூன்று பூட்டு. சாவி மூன்று பேரிடம். மூன்று பேரும் சேர்ந்து வந்தால்தான் திறக்கும். அதில் கைவைக்க யாராலும் முடிந்ததில்லை, மூன்றாவது சாவிக்காரர் மகள் வீட்டுக்குப் போயிருந்த வருஷம் கோயில்காரர்களாலும் முடியவில்லை.

அப்படியே முடிவாயிற்று. பெரியவர் தன் பங்கை யோசித்துப் போட்டார். மற்ற இருவரும் காதைப் பொத்திக்கொண்டு சுவரைப் பார்த்து நின்றார்கள். பிறகு பொம்முசாமி. பிறகு நந்தகோபால். வேலை முடிந்தபோது, முழுப் பாஸ்வேர்டு தெரிந்தவர் உலகத்தில் ஒருவரும் இல்லை. தெருவில் எல்லாருக்கும் நெட்டு நின்றது. சுசீலாக்கா வந்து, "பூட்டு மாத்திட்டீங்களாக்கும்," என்று கேட்டுவிட்டு, கோபமில்லாமல் மாவு கொடுத்துவிட்டுப் போனார்.

"ஒரு தடவை போட்டுப் பாத்துருவோமாண்ணே?" என்றான் நந்தகோபால்.

"புதுப் பூட்டை வேலை இல்லாம தொறந்து மூடினா தேஞ்சுரும்," என்றார் பெரியவர். "ஞாயித்துக்கிழமை தொறந்தா போதும்."

ஞாயிற்றுக்கிழமை நந்தகோபால் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டான். சொன்ன நேரம் வந்தது. பெரியவர் தன் பங்கைப் போட்டார். பொம்முசாமி தன் பங்கைப் போட்டார். நந்தகோபால் தன் பங்கைப் போட்டான்.

தவறான கடவுச்சொல் என்றது போன்.

மறுபடியும் போட்டார்கள். தவறு. மறுபடியும்.

"யாரோ தப்பாப் போடுறோம்," என்றார் திருமலைசாமி.

"யாருன்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது?"

"அவங்கவங்க பங்கைச் சொன்னா தெரிஞ்சுரும்."

"சொல்லக் கூடாதே."

"சொல்லக் கூடாதுதான்."

நந்தகோபாலின் சட்டை முதுகில் ஒட்டிக்கொண்டது. சொன்ன நேரம் போய்விட்டது. வாசற்படியில் வைத்திருந்த பெரியவரின் போன் அடித்தது.

"என்ன ஆச்சு? எவ்வளவு நேரமாக் கூப்பிடுறோம்," என்றார் வரதராசு.

திருமலைசாமிக்குப் பொய் வராது. "மன்னிக்கணும். எங்க நெட்டு ரொம்பப் பத்திரமா இருக்கு. நாங்களே உள்ள போக முடியல," என்றார்.

வரதராசு போனைக் கையால் மூடிக்கொண்டு மனைவியிடம் சொன்னது நன்றாகக் கேட்டது. "ஏய், வீட்டு ஆளுங்களாலயே உள்ள போக முடியலையாம். அம்புட்டுப் பத்திரம்."

"அப்ப நம்ம பொண்ணுக்குப் பயமில்ல," என்றார் பத்மாசனி.

"நாங்களே நேர்ல வர்றோம்," என்றார் வரதராசு.

நந்தகோபால் அன்று ராத்திரி மட்டும் மூன்று தடவை சாப்பிட்டான்.

அந்த வாரமே வந்தார்கள். அப்பா, அம்மா, குமுதவல்லி. கேசரியும் பஜ்ஜியும் கொடுத்தார்கள். ரூட்டருக்குக் கீழே குனிந்து போய் வீட்டைச் சுற்றிப் பார்த்தார்கள். எல்லாம் பிடித்திருந்தது. மாப்பிள்ளையும் பெண்ணும் எதிர் எதிரே உட்கார்ந்து தரையைப் பார்த்தார்கள்.

"பேசட்டுமே," என்றார் திருமலைசாமி.

வரதராசு தயங்கினார். "நாங்க ஒரு வழக்கம் வச்சிருக்கோம். மொதல்ல எப்படிப் பேசுறதுன்னு வாக்குக் குடுத்தமோ அப்படித்தான் பேசணும். வீடியோவுலன்னு சொன்னோம். இப்ப மாத்துனா நல்லாருக்காது."

"நியாயம்தான்," என்றார் பொம்முசாமி. "அப்படிச் சொன்னதை இப்படிச் செய்யக் கூடாது."

நந்தகோபாலை மாடி அறைக்கு அனுப்பினார்கள். குமுதவல்லி கூடத்தில் போனோடு உட்கார்ந்தாள். அவள் போனுக்கும் அந்த வீட்டுக்குள் டவர் எடுக்கவில்லை. வைஃபை வேண்டும். ஒருவர் பின் ஒருவராக வந்து அவளுடைய போனில் தங்கள் பங்கைப் போட வேண்டும். முதலில் பெரியவர் போட்டார். அடுத்துப் பொம்முசாமி போனை வாங்கிக் கண்ணை இறுக்க மூடிக்கொண்டார்.

"ஏன் மாமா கண்ணை மூடிக்கிறீங்க?" என்றாள் குமுதவல்லி.

"போடும்போது எவரும் பாக்கக் கூடாதுன்னு சொல்லியிருக்கும்மா. நானும் ஒரு ஆளுதானே?"

"போன ஞாயித்துக்கிழமையும் மூடிக்கிட்டுத்தான் போட்டீங்களா?"

"பின்ன? மாத்துன அன்னைக்குத்தான் மறந்து தொறந்து வச்சுட்டேன்."

குமுதவல்லி சற்று யோசித்தாள். "நான் போட்டா நீங்க பாத்த மாதிரி ஆகாதுல்ல. அவங்கவங்க பங்கை என் காதுல சொல்லிருங்க," என்றாள்.

இதில் ஆப் சொன்ன எதுவும் மீறப்படவில்லை என்று பெரியவருக்குப் பட்டது. ஒருவர் சொல்லும்போது மற்றவர்கள் வெளியே நின்றார்கள். நந்தகோபால் மாடியிலிருந்து இறங்கி வந்து, அவள் காதருகே குனிந்து தன் பங்கைச் சொன்னான். அதில் பாதி மூச்சுத்தான் இருந்தது. இருந்தும் அவளுக்குக் கேட்டது. அவன் சிவந்த முகத்தோடு திரும்ப மாடிக்கு ஓடினான். அவனுடைய போனுக்கும் அவளே போட்டுக் கொடுத்திருந்தாள். வைஃபை திக்காமல் திறந்தது.

படம் கண்ணாடி மாதிரி வந்தது.

"கேக்குதா?" என்றான் நந்தகோபால்.

"ரெண்டு தடவை கேக்குது. மொதல்ல மாடிப்படி வழியா வருது. அப்புறம் போன்ல வருது."

"எது நல்லாருக்கு?"

"போன்லதான். படி வழியா வர்றது தூரமா இருக்கு."

நந்தகோபால் வாயைத் திறந்தான். பேசினான். மூடினான். எல்லாம் நேரத்துக்கு நடந்தது.

"உங்களுக்கு என்ன காய் பிடிக்கும்?"

"சுரைக்காய்."

அவன் நெற்றியைத் தடவிக்கொண்டான். "கத்தரிக்காயை நான் விட்டுர்றேன்," என்றான் கடைசியில்.

பிள்ளைகள் தனியாகப் பேசட்டும் என்று பெரியவர்கள் கடைப்பக்கம் வந்து நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்கள். சுற்றிலும் பூட்டுகள் தொங்கின. திருமலைசாமி திடீரென்று எழுந்து நின்றார்.

"டேய் பொம்மு. அந்தப் பொண்ணுகிட்ட என் பங்கு இருக்கு. உன் பங்கு இருக்கு. தம்பி பங்கும் இருக்கு."

பொம்முசாமிக்குப் புரிய இரண்டு மூச்சு ஆயிற்று. "முழுசும் தெரிஞ்ச ஒரே ஆளு அது," என்றார்.

வரதராசு கலவரப்பட்டார். "எங்க பொண்ணு ஏதும் தப்புப் பண்ணிருச்சா?"

"தப்பு எதுவும் இல்ல. ஆனா விஷயம் வீட்டை விட்டு வெளிய போகக் கூடாதே. ரெண்டு வழிதான் இருக்கு. ஒண்ணு, பாஸ்வேர்டை மாத்தணும்."

"அதை மட்டும் சொல்லாதேண்ணே," என்றார் பொம்முசாமி. "என் பங்கை யோசிச்ச தலைவலி இன்னும் போகல."

"இன்னொண்ணு, பொண்ணு இந்த வீட்டு ஆளா இருக்கணும்."

எல்லாரும் பூட்டுகளைப் பார்த்தார்கள். வரதராசு முகம் மெல்ல மலர்ந்தது. "கல்யாணத்துக்கு முன்னாலயே மொத்தச் சாவியையும் எம் பொண்ணு கையில குடுத்துட்டீங்களே," என்றார். "எங்க வீட்டுல இவகிட்ட நான் இன்னும் பீரோ சாவியவே குடுக்கல."

பத்மாசனி அவரை ஒரு பார்வை பார்த்தார். வரதராசு துண்டைச் சரிசெய்துகொண்டார்.

தை மாதம் என்று பேசி முடித்தார்கள். மூன்று பேருக்குப் போட வேண்டிய பந்தல், ஒருவனுக்காவது போடப்போகிறோம் என்றார் திருமலைசாமி. பொம்முசாமி, பந்தல் பெரிசாகவே இருக்கட்டும் என்றார். பிறகு சிறுமலைப் பழம் ஒரு கூடை வாங்கி வந்து சம்பந்தி கையில் கொடுத்தார்.

மதுரை பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. சம்பந்திகளை பஸ் ஸ்டாண்டு வரை கொண்டுபோய் விடுவதுதான் மரியாதை என்று அண்ணன்கள் இருவரும் கிளம்பினார்கள். கடை ஷட்டரை இறக்கினார்கள். வீட்டு வாசல் கதவைச் சாத்தி, கடையிலேயே பெரிய மாங்காய்ப் பூட்டை எடுத்துப் போட்டார் திருமலைசாமி. வழக்கம்போல இழுத்துப் பார்த்தார். அசையவில்லை. வரதராசுவையும் இழுத்துப் பார்க்கச் சொன்னார். அவரும் இழுத்து, மெச்சிக்கொண்டார்.

"கேஸை அணைச்சமா?" என்று தெருமுனையில் கேட்டார் பெரியவர்.

"அணைச்சாச்சு."

"பைப்பு?"

"மூடியாச்சு."

"நெட்டு?"

"அதை எப்படிண்ணே அணைக்கிறது? ரெண்டு பேரும் பேசிக்கிட்டிருக்காங்கல்ல."

"ஆமாமா. நடுவுல நிக்கக் கூடாது," என்றார் திருமலைசாமி.

பஸ்ஸில் நல்ல இடமாகக் கிடைத்தது, மூன்று பேர் உட்காரும் சீட்டு. வரதராசு ஜன்னலோரம் உட்கார்ந்தார். அண்ணன்கள் கீழே நின்று கும்பிட்டார்கள். வரதராசு உள்ளிருந்து கும்பிட்டார். நல்ல குடும்பம் என்று மனைவியிடம் சொன்னார். பஸ் நகர்ந்ததும் கண்டக்டர் வந்தார். வரும்போது எடுத்தது போலவே வரதராசு மூன்று டிக்கெட் எடுத்தார்.

பத்மாசனி மடியில் இருந்த பழக்கூடையை எடுத்து, பக்கத்தில் காலியாக இருந்த இடத்தில் வைத்து, விழுந்துவிடாமல் சேலைத் தலைப்பால் சுற்றிப் பிடித்துக்கொண்டார்.